பட்டமும் பட்டுப்புடவையும்

போடிநாயக்கனூர் ஜமீன், பாகம் பிரிக்கக் கூடாத ஜமீன். மூத்த வழியில் ஒருவரே பட்டத்துக்கு வரலாம், பங்காளிகள் காத்திருக்கலாம். இந்த ஜமீனின் வாரிசுரிமை வழக்கு ஒன்று சுப்ரீம் கோர்ட் வரை போய், 1951 டிசம்பரில் தீர்ப்பாயிற்று. ஜமீன் ஒழிப்புச் சட்டம் வந்தது 1948-இல். மரம் விழுந்த பிறகும் நிழலுக்குச் சண்டை!

ஆனால் அந்தத் தீர்ப்பு சொன்ன நியாயம் எனக்குப் பிடித்திருக்கிறது. பங்காளி தனி வீடு, தனிச் சமையல் என்று வாழ்ந்தால் மட்டும் பட்டத்துக்கு வரும் பாத்தியதை போய்விடாது. அதை விட்டுக்கொடுக்கும் எண்ணம் அவனுக்கு இருந்தது என்று நிரூபிக்க வேண்டும்.

சரி, நம் வீட்டுப் பெண்ணுக்கு இந்த நியாயம் உண்டா?

சீமைப் பிரபுக்கள் வீட்டுக் கதை நாவல் படிப்பவர்களுக்குத் தெரிந்ததுதான். வீட்டா சாக்வில்-வெஸ்ட் என்ற எழுத்தாளர் நோல் மாளிகையில் பிறந்த ஒரே மகள். 1928-இல் தந்தை இறந்ததும் பட்டமும் மாளிகையும் சித்தப்பாவுக்குப் போயின. பெண்ணாய்ப் பிறந்ததைத் தவிர அவர் செய்த குற்றம் ஒன்றுமில்லை. இங்கிலாந்து அரச குடும்பத்தில் ஆணுக்கு முதலிடம் என்ற வழக்கத்தை 2013-ஆம் ஆண்டுச் சட்டம் நீக்கியது. பிரபுக்களின் பட்டங்களை அது தொடவில்லை.

அதைப் படித்து 'ஐயோ பாவம்' என்கிறோம். நம் ஊரில் நடப்பது என்ன? 1989-இல் தமிழ்நாட்டுச் சட்டமும் 2005-இல் மத்தியச் சட்டமும் பூர்வீகச் சொத்தில் மகளை மகனுக்குச் சமமான பங்காளி ஆக்கின. உடனே நாம் விடுதலைப் பத்திரத்தைக் கையில் எடுத்துக்கொண்டோம். தங்கையைச் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு அழைத்துப் போய்க் கையெழுத்து வாங்கி, ஒரு பட்டுப்புடவையும் எடுத்துக் கொடுத்து, "என் தங்கை தங்கமானவள்" என்கிறோம். யாருக்கு யார் விடுதலை கொடுத்தார்கள்?

"கையெழுத்துப் போடாவிட்டால் பிறந்த வீட்டு உறவு முறிந்துவிடுமே!" என்பார்கள். பங்கு கேட்டால் முறிகிற உறவு, பங்கு கேட்காதவரையில் என்னவாக இருந்தது?

பொட்டிபுரத்திலிருந்து மேற்கே தெரியும் மலைகளின் ஏலக்காய் வாசனையை போடியில் எங்கும் நுகரலாம். அந்தக் காயைத் தரம் பிரிக்கப் பெண்களின் கைகள் வேண்டும். தோட்டத்தைப் பாகம் பிரிக்கும்போது மட்டும் அந்தக் கை கையெழுத்துப் போட்டுவிட்டு ஒதுங்கிக்கொள்ள வேண்டுமா?

ஜமீன்கள் ஒழிந்துவிட்டன என்று சொல்லிக்கொள்கிறோம். என் கணக்கில் இல்லை. அண்ணன்மார் வீடுதோறும் ஒரு குட்டி ஜமீன் இருக்கிறது.