டெண்டர்ல முதல்ல வந்தா வேலை நமக்குத்தானா?

இல்லை. உச்ச நீதிமன்றம் 1992-லேயே சொல்லிவிட்டது. சேதமான தானியத்தை விற்க இந்திய உணவுக் கழகம் டெண்டர் விட்டது. காமதேனு என்ற நிறுவனம்தான் அதிக விலைக்குக் கேட்டிருந்தது. ஆனாலும் கழகம் எல்லோரிடமும் மறுபடி பேசி, இன்னும் கூடுதல் விலை வாங்கப் பார்த்தது. நியாயமான எதிர்பார்ப்பு தனி உரிமை கிடையாது, அதைக் கணக்கிலேயே எடுக்காமல் விட்டால்தான் தப்பு என்றது கோர்ட். காமதேனு தோற்றது.

சரி, நிஜமாகவே முறைகேடு நடந்திருந்தால்? ஜார்க்கண்ட் சாலைப் பணி வழக்கில் 2022-ல் அதே நீதிமன்றம் சொன்னது: வேலைக்குத் தடை போடாதீர்கள், தவறாக ஒதுக்கப்பட்டவர் இழப்பீடு கேட்கட்டும். ரோடு பாதியில் நிற்கக் கூடாது, ஒப்புக்கொள்ளலாம். ஆனால் கைக்கே வராத வேலையின் லாபத்தை ஒரு சின்ன கான்ட்ராக்டர் எதை வைத்து நிரூபிப்பார்? கேஸ் முடியும்வரை தாக்குப்பிடிக்க வேண்டாமா? இப்படி ஒதுக்கப்பட்டவருக்கு டெண்டர் போட்ட செலவையாவது உடனே தருவோம் என்று டெண்டர் விதியிலேயே அரசு எழுதட்டும்.