ஹாஸ்யமும் சலனச் சித்திரமும்

அந்திப் பொழுதில் நம் திருமழிசைத் தெருக்களில் நடந்து செல்வோர், ஜப்பானியக் கார்ட்டூனின் குறும்புப் பையனொருவன் தொலைக்காட்சியில் தமிழ் பேசுவதையும், அதைக் கேட்டுக் குழந்தைகள் விழுந்து விழுந்து சிரிப்பதையும் வீட்டுக்கு வீடு கேட்கலாம். குழந்தைகளின் சிரிப்பில் குற்றம் காண்பாரில்லை. ஆயினும், கல்கியும் தேவனும் எழுதி, கோபுலு வரைந்து சிரிக்க வைத்த ஒரு மொழியில், சலனச் சித்திரத்தின் ஹாஸ்யம் மட்டும் இறக்குமதிச் சரக்காகவே இருக்கவேண்டுமா என்று கேளாதிருக்க மனம் ஒப்பவில்லை.

இதற்கு விடை தேடுவோர் கார்ட்டூன் கலைஞர் ராம் மோகனின் (1931–2019) வாழ்க்கையை அறிவது நலம். சென்னைப் பல்கலைக்கழகத்தில் இரசாயனம் பயின்ற அவர், மேற்படிப்பைக் கைவிட்டு 1956-இல் பம்பாய் ஃபிலிம்ஸ் டிவிஷனின் கார்ட்டூன் பிரிவில் சேர்ந்து, டிஸ்னி கலைக்கூடத்திலிருந்து வந்த கிளேர் வீக்ஸிடம் தொழில் பழகினார். 1972-இல் சொந்தக் கலைக்கூடம் தொடங்கினார். அவ்வாண்டின் தேசிய விருது அவருடைய ‘யூ செட் இட்’ படத்துக்குக் கிடைத்தது. யூகோ சாகோ, கோய்ச்சி சசாகி ஆகியோருடன் அவர் இயக்கிய 1992-ஆம் ஆண்டு இராமாயணப் படம், 2025 ஜனவரியில் தமிழ்க் குரலிலும் நம் திரையரங்குகளுக்கு வந்தது.

அவருடைய ஹாஸ்யத்தின் தரத்தை உணர, யுனிசெஃப் நிறுவனத்துக்காக அவர் உருவாக்கிய மீனாவைக் காணவேண்டும். பெண்குழந்தைக்குப் படிப்பெதற்கு என்று வீட்டில் தடுக்கப்பட்ட மீனா, தன் கிளி மிட்டுவைப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்புகிறாள். கிளி வாய்ப்பாட்டைக் கேட்டு வந்து அவளுக்கு ஒப்பிக்கிறது. அந்தக் கணக்கைக் கொண்டு கோழிகளை எண்ணியவள், ஒன்று குறைவதைக் கண்டு திருடனைப் பிடிக்க வழிசெய்கிறாள். பெண் கல்வியைப் பற்றி ஒரு மணி நேரம் பிரசங்கம் செய்தாலும் அசையாத தகப்பனாரை, பள்ளிக்குப் போய்வந்த கிளியும் காணாமற்போன கோழியும் அசைத்துவிடுகின்றன. உபதேசம் முழுவதும் விகடத்துக்குள் கரைந்துவிட்டதால், பார்ப்பவர்க்கு அது உபதேசமாகத் தோன்றுவதேயில்லை.

இத்துறையில் எழுதுவோனின் பொறுப்பு பெரிது. நாகேஷைப் போன்ற நடிகர், ஏட்டில் இல்லாத சிரிப்பையும் படப்பிடிப்புத் தளத்தில் கணநேரத்தில் உண்டாக்கிவிடுவார். வரைந்த பாத்திரமோ தானாக ஒரு கண் சிமிட்டவும் அறியாது. விநாடிக்கு 24 பிம்பங்கள் ஓடும் படத்தில், ஒரு சித்திரத்தை இரண்டு பிம்பங்களுக்கு நிறுத்தி வைத்தாலும் விநாடிக்குப் பன்னிரண்டு சித்திரங்கள் வேண்டும். ஆகவே, மாடியிலிருந்து கால் தவறியவன் விழுமுன் எத்தனை பிம்பங்கள் திகைத்து நிற்கவேண்டும் என்பதுகூட முன்னதாகவே காகிதத்தில் தீர்மானிக்கப்படுகிறது. அந்தக் காகிதத்தில் சிரிப்பு இல்லையெனில், எத்தனை கணிப்பொறிகள் உழைத்தாலும் திரையில் சிரிப்பு வாராது.

தமிழகத்தில் தொழில்திறனுக்குக் குறைவில்லை. 1989-இல் ‘ராஜா சின்ன ரோஜா’வில் ரஜினிகாந்துடன் சித்திரப் பிராணிகள் ஆடின, 2007-இல் ‘இனிமே நாங்கதான்’ முழுநீள முப்பரிமாணப் படமாகவே வந்தது. நம் ஊருக்கு அண்மையில், செம்பரம்பாக்கத்திலேயே பெரிய படப்பிடிப்புத் தளங்கள் இருக்கின்றன. ஆயினும், சென்னையின் கலைக்கூடங்களில் அமர்ந்து, கடல்கடந்த எவரோ எழுதிய விகடத்துக்கு உருக்கொடுக்கும் நம் இளைஞர்கள் பலருக்குத் தம்முடைய விகடத்தை எழுதித் தருவார் இல்லை. பத்திரிகை ஹாஸ்யத்திலும் நாடக ஹாஸ்யத்திலும் புகழீட்டிய நம் எழுத்தாளர்கள், கார்ட்டூன் என்பது சிறுபிள்ளை விவகாரமென்று ஒதுங்கி நின்றதே இதற்கு முதற்காரணம் என்பது நம் கருத்து.

பொருளுக்குப் பஞ்சமென்று சொல்ல வழியில்லை. சீடன் கணிகண்ணனை அரசன் நாடுகடத்தினான் என்பதற்காக, திருமழிசையாழ்வார் சொன்ன மாத்திரத்தில் காஞ்சிப் பெருமாள் பாம்பணையைப் பாயாகச் சுருட்டிக்கொண்டு பின்னால் நடந்த கதையில், பக்தியோடு பெருநகைக்கும் இடமுண்டு; அதை உயிர்ச்சித்திரமாக எழுதத் துணிவோர் நம்மில் இருக்கவே செய்வர். அடுத்த இதழ் முதல் இவ்வேட்டில் நான்கு பக்கங்களைக் கார்ட்டூன் திரைக்கதைகளுக்கென ஒதுக்குகிறோம். வசனம் குறைவாகவும் செயல் நிறைவாகவும், ஐந்து நிமிடப் படத்துக்கு மிகாமலும் எழுதி அனுப்புமாறு அன்பர்களை வேண்டுகிறோம்.