பெட்டியை விற்றால் போதுமா?



அரிசி, பருப்பு, எண்ணெய் விலையைப் பற்றி எழுத வேண்டிய நாம், இம்முறை குழந்தைகள் காலால் தள்ளி ஓட்டும் ஸ்கூட்டரைப் பற்றி எழுதுகிறோம். மளிகைக்காரனுக்கு இது எதற்கு என்று சிலர் கேட்கலாம். இன்று கிராமத்து மளிகைக் கடை எதுவும் மளிகையை மட்டும் விற்றுப் பிழைப்பதில்லை. பொங்கல், தீபாவளி, வடலூர் தைப்பூசம், கடலூர் மாசி மகம் என்று நாள் வந்தால் கடை வாசலில் பந்தும் பொம்மையும் தொங்குகின்றன. அவற்றோடு இந்த ஸ்கூட்டர் பெட்டியும் வந்து சேர்ந்துவிட்டது. விற்கிறோம் என்றால், விற்கும் சரக்கின் குணம் நமக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

இரண்டு ஆண்டுகளுக்கு முன் முழுப் பரீட்சை விடுமுறையில் நம் கடையில் நடந்ததை மறைக்காமல் சொல்கிறோம். முந்திரி சீசன் நேரம். காடாம்புலியூர், பண்ருட்டி பக்கத்தில் அப்போதுதான் ஏழை வீட்டிலும் கையில் நாலு காசு புழங்கும். முந்திரிக் கொட்டை உடைக்கும் வேலைக்குப் போகும் ஒரு அம்மாள், வாரக் கூலியில் மிச்சம் பிடித்த பணத்தைச் சுருக்குப் பையிலிருந்து எண்ணிக் கொடுத்து, மகனுக்கு ஒரு ஸ்கூட்டர் வாங்கினார். "பூட்டிக் குடுப்பீங்களா முதலாளி?" என்று கேட்டார். கடையில் கூட்டம். "எல்லாம் பெட்டிக்குள்ள இருக்கும்மா, வீட்ல மாட்டிக்கலாம்" என்று நம் பையன் சொல்லி அனுப்பிவிட்டான். நாமும் கல்லாவில் இருந்துகொண்டு கேட்டும் கேளாதவர் போல இருந்தோம்.

மூன்றாம் நாள் அந்த அம்மாள் மகனைக் கையில் பிடித்துக்கொண்டு வந்தார். உதட்டில் தையல். முன்பல் ஒன்று பாதி இல்லை. கைப்பிடியை வலப்புறம் திருப்பியிருக்கிறான். கைப்பிடி திரும்பியது, சக்கரம் திரும்பவில்லை. நேராகப் போய்ச் சுவரில் மோதிவிட்டான். அவர் சண்டை போடவில்லை. ஸ்கூட்டரை வாசலில் வைத்துவிட்டு, "என்ன தப்பு பண்ணினோம்னு பாருங்க" என்றார். நம் வாயில் முதலில் வந்த பதில், "நாங்க பெட்டியைத்தானேம்மா வித்தோம்" என்பது. அந்தப் பதிலை நினைத்து இன்றும் வெட்கப்படுகிறோம்.

இரவு கடையடைத்த பிறகு வண்டியைப் பார்த்தோம். கைப்பிடித் தண்டைப் பிடிக்கும் கிளாம்பின் போல்ட் வெறும் விரலால் முடுக்கப்பட்டிருந்தது. அதை முடுக்க வேண்டிய எல் வடிவச் சாவி, மெக்கானிக்குகள் ஆலன் கீ என்பார்களே, அது பிளாஸ்டிக் உறை பிரிக்கப்படாமல் தெர்மாகோல் அட்டையில் ஒட்டிக்கொண்டே கிடந்தது. விளக்கத் தாளில் பொடி எழுத்தில் ஆங்கிலம். தமிழ் ஒரு வரி இல்லை. தவறு அந்த அம்மாளுடையதா? மருத்துவச் செலவைக் கொடுத்தோம். பல்லைக் கொடுக்க நம்மால் முடியவில்லை.

நம் காலத்தில் நடைவண்டி இருந்தது. ஊர் ஆசாரி மரத்தை இழைத்து, சக்கரம் கோர்த்து, தானே ஒரு முறை தள்ளிப் பார்த்துத்தான் கொடுப்பார். ஆணி பெயர்ந்தால் ஆசாரி வீட்டுக்கே போகலாம். இப்போது வரும் ஸ்கூட்டரில் கடைசி வேலையை முடிப்பவர் தொழிற்சாலைக்காரர் அல்ல, வாங்குபவர். இது நம் ஊர்ப் பிரச்சினை மட்டுமல்ல. சுவிட்சர்லாந்து நாட்டு ஜூரிக் நகரத்தைச் சேர்ந்த விம் ஓபோட்டர் என்பவர் மடக்கும் அலுமினிய ஸ்கூட்டரை உருவாக்கிய பின், 2000ஆம் ஆண்டில் உலகமெங்கும் அது காட்டுத் தீ போலப் பரவியது. அதே ஆண்டிலேயே அமெரிக்க அரசின் பாதுகாப்பு ஆணையம், காயம்பட்டு மருத்துவமனைக்கு வரும் குழந்தைகள் பெருகுவதைக் கண்டு, தலைக்கவசமும் முழங்கால், முழங்கைக் காப்பும் அணியச் சொல்லி எச்சரித்தது. வசதியான நாட்டிலேயே அப்படி என்றால் நாம் எவ்வளவு ஜாக்கிரதையாக இருக்க வேண்டும்?

பூட்டுவது பெரிய வித்தை அல்ல. பழகிய கைக்குக் கால் மணி நேரம் போதும். நாம் இப்போது கடையில் செய்கிற முறையைச் சொல்கிறோம்.

முதலில் பெட்டியைப் பிரித்துப் பாகங்களைத் துணி மேல் பரப்பி, தாளில் உள்ள படத்தோடு எண்ணிப் பார்க்க வேண்டும். ஒரு நட்டு குறைந்தாலும் அந்த வண்டியைப் பூட்டக் கூடாது. "இருக்கிற நட்டைப் போட்டுச் சமாளிப்போம்" என்பது சைக்கிள் கேரியருக்குச் சரி, இதற்குச் சரியில்லை. பிளாஸ்டிக் பையையும் சின்னத் திருகுகளையும் கைக்குழந்தைக்கு எட்டாமல் உடனே அப்புறப்படுத்த வேண்டும்.

அடுத்து, மடிந்திருக்கும் தண்டை நிமிர்த்தும்போது பூட்டு 'டக்' என்று விழும் சத்தம் கேட்க வேண்டும். மடிப்பு இடத்தில் விரலை வைக்கக் கூடாது. கத்தரி போல நறுக்கும். நிமிர்த்திய பிறகு முன்னும் பின்னும் ஆட்டிப் பார்க்க வேண்டும்.

மூன்றாவது, கைப்பிடித் தண்டை அடித் தண்டுக்குள் இறக்கும்போது, ஸ்பிரிங் பொத்தான் துளை வழியாக முழுவதும் வெளியே எட்டிப் பார்க்க வேண்டும். பாதி வந்தால் போதாது. அதிகபட்ச உயரக் கோடு வெளியே தெரியும்படி தூக்கக் கூடாது. பிள்ளை பலகையில் நின்றால் கைப்பிடி இடுப்புக்கும் மார்புக்கும் நடுவே இருப்பது நல்லது. வளர்கிற பிள்ளை என்று உயர்த்தி வைத்துக் கொடுப்பது தவறு. வளர்ந்த பின் உயர்த்திக்கொள்ளலாம்.

நான்காவதுதான் உயிர்நாடி. கைப்பிடியையும் முன்சக்கரத்தையும் ஒரே நேர்க்கோட்டில் வைத்து, கிளாம்பு போல்ட்டை ஆலன் கீயால் முடுக்க வேண்டும். இரண்டு போல்ட் இருந்தால் இதில் கொஞ்சம், அதில் கொஞ்சம் என்று மாற்றி மாற்றி முடுக்க வேண்டும். பிறகு முன்சக்கரத்தை நம் இரு முழங்காலுக்கு இடையே இறுக்கிப் பிடித்துக்கொண்டு, கைப்பிடியைப் பலமாகத் திருப்பிப் பார்க்க வேண்டும். சக்கரம் நிற்கக் கைப்பிடி மட்டும் திரும்பினால் இன்னும் முடுக்க வேண்டும். மேல்நோக்கி இழுத்தும் பார்க்க வேண்டும். அந்தச் சிறுவன் விஷயத்தில் இந்த ஒரு சோதனையைச் செய்திருந்தால் பல் பிழைத்திருக்கும்.

கடைசியாக, சக்கரங்கள் உரசாமல் சுழல்கின்றனவா, பக்கவாட்டில் ஆடுகின்றனவா, பின்சக்கரத்து மிதி பிரேக் பிடிக்கிறதா என்று பார்க்க வேண்டும். சக்கரத்து நட்டுக்குள் நைலான் வளையம் இருந்தால், அதைத் திரும்பத் திரும்பக் கழற்றினால் பிடிப்புப் போய்விடும். அப்படிப்பட்ட நட்டைப் புதிதாகத்தான் மாற்ற வேண்டும். ஒரு வாரம் ஓட்டிய பின் எல்லாப் போல்ட்டையும் ஒரு முறை மறுபடியும் முடுக்கச் சொல்ல வேண்டும். புது வண்டி ஓட ஓடத்தான் தளரும்.

வாங்குபவருக்கு வாய் வார்த்தையாகச் சொல்ல வேண்டியவையும் உண்டு. பெட்டியில் போட்டிருக்கும் வயதையும் எடையையும் மீறக் கூடாது. ஒரே வண்டியில் அண்ணனும் தம்பியும் ஏறக் கூடாது. வெறுங்காலோடு ஓட்டக் கூடாது. ஈரத் தரையிலும் இருட்டிலும் கூடாது. எல்லாவற்றுக்கும் மேலாக, ரோட்டுக்கு எடுத்து வரவே கூடாது. நம் ஊரைத் தொட்டுக்கொண்டு விக்கிரவாண்டி - தஞ்சாவூர் நெடுஞ்சாலை போகிறது. லாரிக்காரருக்குத் தாழ்வான பலகையில் வரும் பிள்ளை கண்ணில் படாது.

இனிச் சட்டத்துக்கு வருவோம். 2019ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2020 ஜூலையில் நடைமுறைக்கு வந்தது. அதன் 86ஆவது பிரிவை ஒவ்வொரு கடைக்காரரும் ஒரு முறையாவது படிக்க வேண்டும். பொருளைப் பூட்டுவதிலோ பரிசோதிப்பதிலோ விற்பவர் தக்க கவனம் காட்டாமல் விட்டாலும், தயாரிப்பாளரின் எச்சரிக்கையையும் உபயோக முறையையும் வாங்குபவருக்குச் சொல்லாமல் விட்டாலும், அதனால் தீங்கு நேர்ந்தால் விற்றவர் பொறுப்பு. தயாரித்தவர் யார் என்றே தெரியாத சரக்கானால் அப்போதும் விற்றவர் தலையில்தான் விழும். பில் இல்லாமல் மலிவாகக் கிடைக்கிறது என்று பேர் தெரியாத சரக்கை வாங்கி அடுக்குபவர்கள் இதை மனதில் வைக்க வேண்டும். "பெட்டியைத்தானே விற்றோம்" என்ற பேச்சு கடலூர் மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் எடுபடாது.

இன்னொன்று, மத்திய அரசின் பொம்மைத் தரக் கட்டுப்பாட்டு ஆணை. 2021 ஜனவரி 1 முதல் 14 வயதுக்கு உட்பட்டவர்களுக்கான பொம்மைகளுக்கு ஐ.எஸ்.ஐ. முத்திரை கட்டாயம். குழந்தைகள் ஸ்கூட்டரும் இதில் அடக்கம். முத்திரைக்கு மேலே ஐ.எஸ். 9873 என்ற எண்ணும், கீழே சி.எம்./எல். என்று தொடங்கும் உரிம எண்ணும் இருக்க வேண்டும். அந்த உரிம எண் உண்மைதானா என்று பி.ஐ.எஸ். கேர் என்ற செயலியில் செல்போனிலேயே பார்த்துவிடலாம். சென்னை பாரிமுனைக்குக் கொள்முதலுக்குப் போகும்போது பேரம் பேசுவதற்கு முன் இதைப் பார்ப்பது நல்லது.

2025 செப்டம்பர் 22 முதல் இவ்வகைச் சாதாரண ஸ்கூட்டர்களுக்கு ஜி.எஸ்.டி. 12 சதவீதத்திலிருந்து 5 சதவீதமாகக் குறைந்தது. விலை இறங்கினால் விற்பனை கூடும், கூடட்டும். நல்ல சரக்கோடு கூடினால்தான் நமக்கும் நல்லது.

நம் சகோதர வணிகர்கள் சிலர், "லாபம் நூறு, நூற்றைம்பது. இதற்குக் கால் மணி நேரம் ஆளை நிறுத்த முடியுமா? தப்பாகப் பூட்டிக் கொடுத்தால் பழி நம் மேல்தானே வரும்?" என்று கேட்கிறார்கள். நியாயமான கேள்விதான். பூட்டிக் கொடுத்தால் அந்த வேலைக்கு நாம் பொறுப்பாகிறோம் என்பது உண்மை. ஆனால் பூட்டாமல் கொடுத்தாலும் பொறுப்பு முழுவதும் நீங்கிவிடுவதில்லை என்பதை மேலே சொன்னோம். இரண்டில் எது நம் கையில் இருக்கிறது? சரியாகப் பூட்டுவது நம் கையில் இருக்கிறது. கூட்ட நாளில் முடியாவிட்டால், "நாளைக் காலை வந்து வாங்கிக்கொள்ளுங்கள்" என்று சொல்லலாம். ஆள் இல்லாத கடைக்காரர் பக்கத்துச் சைக்கிள் கடையில் சிறு கூலி கொடுத்துப் பூட்டி வாங்கலாம். அதுவும் முடியாவிட்டால் அந்தச் சரக்கை வைக்காமல் இருப்பதே மேல்.

இதில் வியாபார லாபமும் இருக்கிறது. ஆன்லைனில் வாங்கினால் விலை குறைவு என்று ஜனங்கள் சொல்லும்போது நாம் பெருமூச்சு விடுகிறோம். வாசலில் வந்து இறங்கும் அந்தப் பெட்டி பேசாது, போல்ட்டை முடுக்காது, ஒரு வாரம் கழித்துக் கொண்டுவா என்று கூப்பிடாது. நாம் இவற்றைச் செய்யலாம். விலையில் அவர்களோடு மோதி ஜெயிக்க முடியாத நாம், இந்த இடத்தில் ஜெயிக்கலாம். வண்டியைப் பூட்டி வாங்கிப் போன வீட்டார், மாதச் சாமான் சீட்டையும் நம்மிடமே நீட்டுவதை நாம் அனுபவத்தில் பார்க்கிறோம்.

நம் சங்கத்துக்கு மூன்று வேண்டுகோள் வைக்கிறோம். ஒன்று, மே 5 வணிகர் தினத்தை ஒட்டி, விடுமுறை விற்பனை சூடுபிடிக்கும் முன், ஒரு நல்ல சைக்கிள் மெக்கானிக்கை அழைத்து உறுப்பினர் கடைப் பையன்களுக்கு ஒரு நாள் பயிற்சி கொடுக்க வேண்டும். இரண்டு, பூட்டும் முறையையும் எச்சரிக்கையையும் ஒரே பக்கத்தில் தமிழில் பெரிய எழுத்தில் அச்சடித்து உறுப்பினர்களுக்குக் கொடுக்க வேண்டும். ஒவ்வொரு பெட்டியோடும் ஒன்று போகட்டும். மூன்று, ஒரு செட் ஆலன் கீயும் ஸ்பானரும் எல்லாக் கடைக் கல்லாவிலும் தராசைப் போல நிரந்தரமாக இருக்க வேண்டும் என்று தீர்மானம் போட வேண்டும்.

போன கோடை விடுமுறையில் அதே அம்மாள் நம் கடைக்கு வந்தார். இளைய பெண்ணுக்கு ஒரு ஸ்கூட்டர் வேண்டும் என்றார். நம்மிடமே திரும்பி வந்தாரே என்று நமக்குத் தொண்டை அடைத்தது. கல்லாவை விட்டு எழுந்து, தரையில் உட்கார்ந்து, நாமே பூட்டினோம். முழங்காலுக்கு இடையே சக்கரத்தை வைத்துக் கைப்பிடியைத் திருப்பிக் காட்டினோம். அந்தப் பெண் குழந்தையும் அதே போலச் செய்து பார்த்தது. அந்தக் கால் மணி நேரத்தில் ஒரு மூட்டை சர்க்கரை பேரம் கைவிட்டுப் போனது. போகட்டும் என்று இருந்துவிட்டோம்.