இலையறிந்து பறிப்போம்

சேலம், நாமக்கல் சமவெளியில் வேம்பும் மலைவேம்பும் உண்டு. மருந்துக்குத் தழை பறிக்கும் தாய்மாருக்கு நாம் கூறுவது இது: நிறத்தையன்று, அமைப்பை நோக்குங்கள். காம்பு கிளையோடு சேரும் கக்கத்தில் மொட்டு இருப்பின், அக்காம்பு முழுவதும் ஒரே இலை. அதன் பகுதிகள் சிற்றிலைகள். வேம்பில் அவை நடுக்காம்பின் இருபுறமும் நேரே அமையும். விளிம்பு வாள்பல் போன்றது. மலைவேம்பிலோ காம்பே மீண்டும் கிளைத்த பின்னரே சிற்றிலைகள் தோன்றும். கீழாநெல்லி புளியிலை போலத் தோன்றினும், ஒவ்வொன்றின் கக்கத்திலும் காய் தொங்குதலால் அவை தனி இலைகளே.

திருச்சி தூய வளனார் கல்லூரியில் 1967இல் ராபினட் உலர்தாவரக் காப்பகத்தை நிறுவிய இயேசு சபைக் குரு கே. எம். மாத்யூ அடிகளார், சேலம் மலைகளிலும் சமவெளியிலும் இவ்வாறே தழைகளைச் சேர்த்து ஆராய்ந்து, 1980களில் பெருநூலாக வெளியிட்டார். அத்துணைப் பொறுமை நமக்கும் வேண்டும். ஐயமுள்ள தழையைக் குழந்தைக்கு அரைத்துக் கொடாதிருப்போம்.