படிப்பது திருட்டா?



1998இல் இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் கார் ஓடத் தொடங்கியது. 2010இல் ஒரகடத்தில் ரெனோ-நிசான் ஆலை திறந்தது. அந்தக் காம்பவுண்டுச் சுவருக்கு வெளியே, காலனியில் டிப்ளமோ படிக்கிற நம்ம புள்ளைங்க கையில் பாடப் புத்தகம் இல்லை, ஜெராக்ஸ் இருக்கிறது. அதைத் 'திருட்டு' என்கிறார்கள் படித்த பெரிய மனிதர்கள். வேதம் கேட்ட காதில் ஈயம் காய்ச்சி ஊற்றச் சொன்ன சமூகத்தில் இது ஒன்றும் புதுசு இல்லை.

சட்டம் என்ன சொல்லுது? 2012இல் ஆக்ஸ்போர்டு, கேம்பிரிட்ஜ், டெய்லர் அண்டு பிரான்சிஸ் ஆகிய மூன்று பதிப்பகங்கள் டெல்லிப் பல்கலைக்கழகத்தையும் அதன் வளாகத்தில் இருந்த ராமேஸ்வரி ஜெராக்ஸ் கடையையும் கோர்ட்டுக்கு இழுத்தன. மாணவர்கள் சங்கம் சேர்ந்து எதிர்வழக்காடினார்கள். 2016 டிசம்பரில் டெல்லி உயர்நீதிமன்ற அமர்வு, பாடம் நடத்த எவ்வளவு தேவையோ அவ்வளவு நகல் எடுக்கலாம் என்றது. அதற்கு 1957 பதிப்புரிமைச் சட்டத்தின் 52ஆம் பிரிவிலேயே இடமிருக்கிறது. 2017 மார்ச்சில் பதிப்பகங்களே வழக்கை வாபஸ் வாங்கிக்கொண்டன. முழுப் புத்தகத்தைக் கள்ள அச்சு போட்டு விற்கும் வியாபாரிக்கு இது லைசென்ஸ் அல்ல. ஆனால் ஆசிரியர் குறித்துக் கொடுத்த பாடத்தை நகலெடுக்கும் மாணவர் திருடரும் அல்ல.

ஜெராக்ஸோடு நின்றுவிட வேண்டியதில்லை. ஏஐசிடிஇயின் இ-கும்ப் தளத்தில் பொறியியல், டிப்ளமோ பாடநூல்கள் தமிழிலேயே இலவசமாகக் கிடைக்கின்றன. வங்கி கவுண்டரில் உட்கார்ந்திருப்பவன் என்பதால் இன்னொன்றும் சொல்கிறேன்: கல்விக் கடனில் புத்தகச் செலவையும் சேர்த்துக் கேட்கலாம். பல பேர் பீஸை மட்டும் எழுதிக் கொடுத்துவிட்டுப் போகிறார்கள்.

ஆனால் கடன் வாங்கியா படிக்கணும்? 1948 பொது நூலகச் சட்டப்படி வீட்டுவரி ரசீதில் ரூபாய்க்கு 10 பைசா நூலக வரி சேர்கிறது. குடிசைக்காரரும் கட்டுகிறார். அது நம்ம காசு.

சிப்காட்டைச் சுற்றியுள்ள ஊராட்சிகள் எவ்வளவு நூலக வரி வசூலித்தன? கம்பெனிகளிடமிருந்து எவ்வளவு? மாவட்ட நூலக ஆணைக்குழுவுக்கு எவ்வளவு கட்டின? அதில் வாங்கிய பாடநூல் எத்தனை? தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்க பத்து ரூபாய் கோர்ட் ஸ்டாம்பு போதும்.

ஊருக்கு ஒரு தோழர் மனுப் போடுங்கள். வரும் பதிலை நமக்கு அனுப்புங்கள், அப்படியே அச்சிடுவோம். புத்தகம் பிச்சை அல்ல, பாக்கி. வசூலிப்போம்.