வீட்டோடு வந்த பாக்கி

வீட்டைக் கட்டிப் பார், கல்யாணம் பண்ணிப் பார் என்பது முதுமொழி. கட்டிய வீட்டை வாங்கிப் பார் என்பதையும் அதனோடு சேர்க்கலாம் என்று நமக்குத் தோன்றுகிறது.

நமக்குத் தெரிந்த குடும்பத்தார் ஒருவர், 20 ஆண்டுச் சேமிப்பையெல்லாம் கொடுத்து, சில காலம் பூட்டிக் கிடந்த வீடு ஒன்றைக் கிரயம் பெற்றனர். வில்லங்கச் சான்றில் குற்றமில்லை; பத்திரமும் பதிவாயிற்று. நல்ல நாள் பார்த்துப் பால் காய்ச்சச் சென்றால், விளக்கு எரியவில்லை. மின்சார அலுவலகத்தில் விசாரித்தபோது, பழைய சொந்தக்காரர் வைத்துவிட்டுப் போன பாக்கியைச் செலுத்தினால்தான் இணைப்பு என்றார்கள். "அவர் எரித்த விளக்குக்கு நாங்களா எண்ணெய் வார்ப்பது?" என்று அவ்வீட்டு அம்மாள் நம்மைக் கேட்டார்.

நியாயமான கேள்வி. ஆனால் விடை அத்தனை சுலபமன்று. நமது நியாயஸ்தலங்களே அதைத் தெளிவுபடுத்தக் கால் நூற்றாண்டுக்கு மேல் ஆயிற்று. 1995-இல், பீஹார் மின்சார வாரியத்துடன் ஈஷா மார்பிள்ஸ் கம்பெனியார் நடத்திய வழக்கில், ஏலத்தில் சொத்து வாங்கியவர் பழைய பாக்கிக்குப் பொறுப்பாளி அல்லர் என்று சுப்ரீம் கோர்ட்டார் தீர்ப்பளித்தனர். வாரியத்தோடு ஒப்பந்தம் செய்தவர் எவரோ, அவரே கடனாளி என்பது அதன் சாரம்.

பின்னர் 2003-இல் புதிய மின்சாரச் சட்டம் வந்தது. 2023 மே 19-ஆம் தேதி, கே. ஸி. நினான் வழக்கிலும் அதனோடு சேர்ந்த பிற வழக்குகளிலும் 3 நீதிபதிகள் ஒருமித்து முடிவு கூறினர். மின்சாரப் பாக்கி தானாகவே வீட்டின்மீது ஏறும் கடன் ஆகாது. அதற்குச் சட்டத்திலோ விதிகளிலோ தெளிவான ஆதாரம் இருக்க வேண்டும். ஆயினும், பாக்கியைத் தீர்த்தாலன்றி அந்த இடத்துக்குப் புது இணைப்பு இல்லை என்று விநியோக விதிகள் நிபந்தனை விதிக்கலாம், அது செல்லும். சுருங்கச் சொன்னால், கடன் மனிதனுடையது. ஆனால் கம்பி வீட்டுக்கு வருகிறது. கடனாளி போய்விட்டாலும் கம்பி அங்கேயே நிற்கிறது.

இதில் வாரியத்தார் பக்கம் நியாயம் இல்லாமலில்லை. பாக்கி வைத்துவிட்டு வீட்டைக் கைமாற்றித் தப்புபவர் ஏய்ப்பது பொதுஜனங்களின் பணத்தையே. ஆனால் கட்டணம் செலுத்தாதவருக்கு 15 நாள் முன்னறிவிப்புக் கொடுத்து இணைப்பைத் துண்டிக்கும் அதிகாரத்தைச் சட்டம் அவர்களுக்கு அளித்திருக்கிறது. காப்புத்தொகை பெறும் உரிமையும் உண்டு. உரிய காலத்தில் இவற்றைப் பயன்படுத்தாமல், பாக்கியைப் பல ஆண்டு வளரவிட்டுப் பின்னர் ஒன்றுமறியாதவரின் வாசலில் வந்து நிற்பது அழகாகுமா? அதிகாரிகள் சிந்திப்பார்களாக.

அதுவரை நமது வாசகர்கள் விழிப்பாக இருப்பதே வழி. பதிவான பத்திரங்களைத்தான் வில்லங்கச் சான்று காட்டும். மீட்டரின் கதையை அது அறியாது. ஆகையால், முன்பணம் கொடுக்குமுன் இணைப்பு எண்ணைக் கேட்டு வாங்குங்கள். கடைசி ரசீதைப் பார்ப்பதோடு நில்லாமல், பாக்கியில்லை என்று அலுவலகத்தில் எழுத்து மூலம் பெறுங்கள். துண்டிக்கப்பட்ட பழைய இணைப்பு ஏதேனும் உண்டா என்றும் விசாரியுங்கள். சாவி கைமாறும் நாளில் மீட்டர் அளவை இருவரும் குறித்துக் கையெழுத்திடுங்கள். அந்தத் தேதி வரையிலான மின்சார, தண்ணீர்க் கட்டணங்கள் பின்னால் தெரியவந்தாலும் விற்றவரே பொறுப்பு என்று கிரயப் பத்திரத்தில் ஒரு வரி சேருங்கள். அந்த வரி வாரியத்தாரைக் கட்டுப்படுத்தாது. ஆனால் நீங்கள் செலுத்தியதை விற்றவரிடம் திரும்பக் கேட்க அதுவே பிடி. ஏலத்தில் உள்ளது உள்ளபடி என்று விற்கும் சொத்தானால் இன்னும் எச்சரிக்கை வேண்டும். அச்சொற்களே வாங்குவோருக்கு ஓர் அறிவிப்பு என்று கோர்ட்டார் கருதுகிறார்கள்.

அந்த அம்மாள் கடைசியில் பாக்கியைச் செலுத்தி விளக்கேற்றினார். அவர்களுடைய பத்திரத்தில் அந்த ஒரு வரி இல்லை. விற்றவரைத் தேடிக்கொண்டிருக்கிறார்கள்.