கைப்பேசியில் கரையும் ழகரம்

இது விஞ்ஞான யுகம் என்று மேடைதோறும் கேட்கிறோம். கணினியால் விளையும் நன்மை தீமைகளைப் பற்றிப் பேச்சுப் போட்டியில் பேசிப் பரிசும் வாங்கியிருக்கிறோம். உலகம் உள்ளங்கைக்குள் வந்துவிட்டது, கண் கெடுகிறது, காலம் வீணாகிறது என்ற மூன்றையும் சொல்லி முடித்தால் ஐந்து நிமிடம் ஓடிவிடும். ஆனால் கணினியின் தங்கையான கைப்பேசி நம் வீட்டுத் தமிழுக்குச் செய்துவரும் ஒரு காரியத்தை யாரும் மேடையில் சொல்லக் கேட்டதில்லை. நாம் தமிழை ஆங்கில எழுத்தில் எழுதப் பழகிவிட்டோம்.

தோழியரே, பகலில் தமிழ் வகுப்பில் லகர, ளகர, ழகர வேறுபாடு எழுதி மதிப்பெண் பெறுகிறோம். மாலையில் வீட்டிற்குச் சென்று கைப்பேசியைத் தொட்டவுடன் அம்மூன்றையும் 'எல்' என்னும் ஒரே எழுத்துக்குள் திணித்துவிடுகிறோம். வி, ஏ, எல், ஐ என்ற நான்கு ஆங்கில எழுத்துக்களைச் சேர்த்தால் என்ன சொல்? வலியா, வழியா, வளியா, வாளியா? கே, ஓ, டி, ஐ என்று எழுதினால் அது தோட்டத்துக் கொடியா, செல்வந்தரின் கோடியா? முன்னும் பின்னும் பார்த்தால் புரிந்துவிடும் என்பார்கள். புரிகிறதுதான். ஆனால் விரல் பழகியதையே பேனாவும் எழுதும். பரீட்சைத் தாளில் 'பள்ளி' இருக்க வேண்டிய இடத்தில் 'பல்லி' வந்து உட்கார்ந்துகொள்ளும். (எங்கள் வகுப்பில் இந்த ஆண்டு அந்தப் பல்லி மூன்று முறை வந்தது. யாருடைய தாளில் என்று சொல்லமாட்டேன்!)

இவ்விடத்தில் திருச்சபை வரலாற்றிலிருந்தே ஒரு செய்தியைச் சொல்ல ஆசைப்படுகிறேன். 1554 ஆம் ஆண்டில் போர்த்துக்கல் நாட்டு லிஸ்பன் நகரில் தமிழ் மறைக்கல்வி நூல் ஒன்று அச்சாயிற்று. அதில் தமிழ்ச் சொற்கள் உண்டு. தமிழ் எழுத்து ஒன்றுகூட இல்லை. எல்லாம் ரோமன் எழுத்து. தமிழ் எழுத்துக்கு அச்சு வார்க்கப்படாத காலம் அது. இன்று நாம் கைப்பேசியில் செய்வதை லிஸ்பன் அச்சகம் 470 ஆண்டுகளுக்கு முன்பே செய்துவிட்டது!

அத்துடன் நின்றார்களா? முத்துக்குளித்துறையில் மறைப்பணி ஆற்றிய அன்றீக் அடிகளார் தமிழை எழுத்தெண்ணிக் கற்றவர். 1578 அக்டோபர் 20 அன்று கொல்லத்தில் அவருடைய 'தம்பிரான் வணக்கம்' தமிழ் எழுத்திலேயே அச்சாகி வெளிவந்தது. பதினாறே பக்கங்கள். அதற்காக ஒவ்வோர் எழுத்தையும் செதுக்கி, உலோகத்தில் வார்க்க வேண்டியிருந்தது. ரோமன் அச்சு கையில் தயாராக இருந்தும், இவ்வளவு சிரமத்தை ஏன் மேற்கொண்டார்கள்? படிக்கப் போகிறவர்கள் தமிழர்கள் என்பது, கடல் கடந்து வந்த அந்தக் குருவுக்குத் தெரிந்திருந்தது. நமக்குத்தான் அது மறந்து போகிறது என்று எனக்குத் தோன்றுகிறது.

அவருக்குப் பின் வந்த வீரமாமுனிவரையும் நினைத்துப் பாருங்கள். அக்காலத்தில் எகரத்தையும் ஏகாரத்தையும், ஒகரத்தையும் ஓகாரத்தையும் பிரித்துக் காட்டப் புள்ளி ஒன்றுதான் இருந்தது. ஓலையில் எழுதும்போது அப்புள்ளியும் விடுபட்டுப் போகும். படிப்பவர்தான் ஊகித்துக்கொள்ள வேண்டும். குறிலையும் நெடிலையும் வரிவடிவத்திலேயே வேறுபடுத்தி அந்தக் குழப்பத்தை நீக்கியவர் வீரமாமுனிவர் என்று தமிழாசிரியை சொல்லியிருக்கிறார். இத்தாலியில் பிறந்த ஒருவர் கொடிக்கும் கோடிக்கும் நடுவே போட்ட வேலியை, தமிழ்நாட்டில் பிறந்த நாம் கட்டை விரலால் பிடுங்கிக்கொண்டிருக்கிறோம்.

எழுத்து மாறவே கூடாது என்று நான் வாதாடவில்லை. என் அம்மாச்சி இன்றும் 'லை' எழுதும்போது யானைத் துதிக்கை போட்டுப் பழைய முறையில்தான் எழுதுவார். 1978 இல் தமிழக அரசு பெரியாரின் எழுத்துச் சீர்திருத்தத்தை ஏற்று அந்தத் துதிக்கையை எடுத்தது. அச்சுக் கோப்பவர்க்கும் தட்டச்சு செய்பவர்க்கும் வேலை எளிதாயிற்று. அதனால் யாருக்கும் கதவு அடைபடவில்லை. புதிய 'லை'யை அம்மாச்சி வாசிக்கிறார். பழைய 'லை'யை நான் வாசிக்கிறேன்.

ஆனால் அதே அம்மாச்சி கைப்பேசியின் முன் என்ன ஆகிறார் தெரியுமா? செய்தித்தாளை முதல் வரியிலிருந்து கடைசி விளம்பரம் வரை படிப்பவர். விவிலியத்தை ஆண்டுக்கொரு முறை முழுவதும் வாசித்து முடிப்பவர். வெளியூரில் படிக்கும் பேரன் "சாப்பிட்டீங்களா அம்மாச்சி, உடம்பு எப்படி இருக்கு" என்று ஆங்கில எழுத்தில் அனுப்பிய செய்தி வந்தால், கண்ணாடியை மாட்டிக்கொண்டு சிறிது நேரம் பார்ப்பார். பிறகு, "என்ன எழுதியிருக்கான், படிச்சுச் சொல்லு பாப்பா" என்று என்னிடம் நீட்டிவிடுவார். செய்தி தமிழ்தான். படிக்கத் தெரிந்த தமிழ்தான். எழுத்தறிந்த ஒருவரை எழுத்தறியாதவராக்க ஒரு கைப்பேசியும் அன்பான ஒரு பேரனும் போதும்.

ரோமன் எழுத்தை ஏற்றுக்கொண்ட மொழிகள் உலகில் இல்லையா என்று என் அண்ணன் கேட்டான். இருக்கின்றன. வியட்நாம் மொழி அப்படித்தான் எழுதப்படுகிறது. அலெக்சாந்தர் தெ ரோட் என்ற இயேசு சபைக் குருவின் வியட்நாமிய அகராதி 1651 இல் ரோமாபுரியில் அச்சானது. ஆனால் அவர்கள் ஒவ்வோர் ஒலிக்கும் மேலும் கீழும் குறி இட்டு, ஒன்று மற்றொன்றோடு கலக்காதபடி செய்துகொண்டார்கள். நாமோ குறியும் இடுவதில்லை, விதியும் வைத்துக்கொள்வதில்லை. ஆளுக்கொரு விதமாக எழுதுகிறோம். துருக்கி நாடு 1928 இல் அரபு எழுத்தை விட்டு ரோமன் எழுத்துக்கு மாறியது. அங்கே பேரப்பிள்ளைகள் தாத்தாவின் பழைய கடிதத்தைப் படிக்கத் தனியாகப் பாடம் கற்க வேண்டியிருக்கிறது. அவர்களாவது சட்டம் இயற்றி மாறினார்கள். நம் வீடுகளில் யாரும் முடிவு எடுக்காமலே மாற்றம் நடக்கிறது.

பழியைக் கைப்பேசியின் மேல் போடலாமா? ஒரு காலத்தில் போடலாம். தொடக்க காலக் கைப்பேசிகள் பலவற்றில் தமிழ் எழுத்து கிடையாது. இருந்தவற்றிலும், ஒரு குறுஞ்செய்திக்குள் ஆங்கில எழுத்தென்றால் 160 அடங்கும். தமிழென்றால் 70 குறியீடுகள்தான். காசு கொடுத்துச் செய்தி அனுப்பிய அந்நாளில் நம் அக்காமார் வேறென்ன செய்திருப்பார்கள்? இன்றோ வாட்ஸ்அப்பில் எழுத்தை எண்ணிக் காசு வாங்குவதில்லை.

தமிழ் தெரிந்த வல்லுநர்களும் சும்மா இருக்கவில்லை. உலக மொழிகளுக்கெல்லாம் பொதுவான யுனிகோடு முறையில் 1991 லேயே தமிழுக்கு இடம் கிடைத்தது. 1999 இல் சென்னையில் நடந்த தமிழ் இணைய மாநாட்டையொட்டி, 'தமிழ் 99' என்ற விசைப்பலகையைத் தமிழக அரசு ஏற்றது. 247 எழுத்துக்களுக்கு 247 விசை எதற்கு? உயிருக்கும் மெய்க்கும் விசை இருந்தால் உயிர்மெய் தானே பிறக்கும் என்பது அதன் அடிப்படை. நாம் ஆறாம் வகுப்பில் படித்த இலக்கணம்தான்! 'வழி' என்று அடிக்க வ, ழ, இ என மூன்று தட்டு போதும். ஆங்கில எழுத்தில் ழகரத்தையும் காட்டி எழுத ஐந்து தட்ட வேண்டும். ஆங்கிலத்தில்தான் வேகம் என்று சொல்கிறவர்கள் ஒருமுறை எண்ணிப் பார்க்கட்டும்.

பேசியே அனுப்பிவிடலாமே என்பதும் ஒரு வாதம். அவசரத்துக்குச் சரி. ஆனால் தாத்தா எழுதிய கடிதங்களை அம்மா டிரங்குப் பெட்டியில் வைத்திருக்கிறார். குரல் செய்திகளை யார் எடுத்து வைக்கப் போகிறார்கள்? இன்னொன்றும் உண்டு. இன்றைய செயற்கை நுண்ணறிவுப் பொறிகள், மனிதர்கள் எழுதிவைத்ததைப் படித்தே மொழியைக் கற்றுக்கொள்கின்றன. நாம் எழுதாத தமிழை அவை எங்கிருந்து கற்கும்?

பெற்றோர்களே, உங்கள் வீட்டுக் கைப்பேசியில் தமிழ் விசைப்பலகையைச் சேர்க்க இரண்டு நிமிடம் ஆகும். தெரியாவிட்டால் எங்களைக் கேளுங்கள், நாங்கள் சேர்த்துத் தருகிறோம். அன்பு மிக்க அருட்சகோதரிகளுக்கு ஒரு விண்ணப்பம். நம் கணினி அறையில் வாரத்துக்கு ஒரு பாடவேளை தமிழ்த் தட்டச்சுக்கு ஒதுக்குங்கள். இந்த ஆண்டு மலரின் தமிழ்ப் பக்கங்களை வெளியே கொடுத்துத்தான் தட்டச்சு செய்து வாங்குகிறோம். அடுத்த மலரின் தமிழ்ப் பக்கங்களை ஒன்பதாம் வகுப்புத் தங்கைகளிடம் கொடுத்துப் பாருங்கள். பல்லி வராமல் நாங்கள் மெய்ப்புப் பார்த்துத் தருகிறோம்.

— பத்தாம் வகுப்பு, 'ஆ' பிரிவு